கிருபாகரனின் கம்ப்யூட்டரில் குடியேறியவன்

கிருபாகரனுக்கு நாற்பத்தாறு வயது. கல்பாக்கத்தில் அணு ஆராய்ச்சி மையத்தின் காற்றோட்டப் பிரிவில் டெக்னீஷியன். காலை ஷிஃப்ட் முடிந்து பஸ் அவரை அணுபுரம் குடியிருப்பில் இறக்கிவிடும்போது வெயில் உச்சி தாண்டியிருக்கும். மனைவி ரெஜினா செங்கல்பட்டில் ஆஸ்பத்திரி நர்ஸ். அவள் பஸ் பிடித்து வீடு வந்து சேரப் பொழுது சாய்ந்துவிடும். மகள் சிநேகா கோயம்புத்தூரில் ஹாஸ்டலில் இருந்து படிக்கிறாள். அதனால் பிற்பகல் முழுக்க வீட்டில் அவர் ஒருவர்தான்.

சிநேகா ஆன்லைன் வகுப்புக்காக வாங்கிய கம்ப்யூட்டர், அவள் லேப்டாப்புக்கு மாறிய பிறகு, கேமராவும் ஹெட்போனுமாக அவளுடைய அறையிலேயே கிடந்தது. சும்மா கிடக்கிறதே என்று ஒருநாள் துடைத்துப் போட்ட கிருபாகரன், அதில் அவள் வைத்திருந்த ஒரு துப்பாக்கி ஆட்டத்தைத் திறந்து பார்த்தார். அஞ்சு பேர் ஒரு பக்கம், அஞ்சு பேர் எதிர்ப்பக்கம். எங்கெங்கோ இருக்கிறவர்கள் ஒரே நேரத்தில் உள்ளே வந்து ஆடுவார்கள். முதல் வாரம் நின்ற இடத்திலேயே செத்துக்கொண்டிருந்தார். பிறகு கை பழகியது.

அவருடைய அப்பா செய்யூர் பக்கம் அடுத்தவர் தோப்பில் சவுக்கு வெட்டியவர். அவர்கள் தெருவிலேயே அரசாங்கச் சம்பளம் வாங்கிய முதல் ஆள் கிருபாகரன். ஊருக்குப் போனால் ஒரு முகம், வேலையிடத்தில் ஒரு முகம், சர்ச்சில் ஒரு முகம். ஆட்டத்தில் மட்டும் அவர் எவருக்கும் எதுவாகவும் இருக்க வேண்டியதில்லை. 'செய்யூரான்' என்று ஒரு பெயர், அவ்வளவுதான். நிரந்தரமாக ஒரு அணியும் அமைந்தது. அதில் திருப்போரூர் பாலா என்ற இளைஞன் அவரை "அண்ணாத்த" என்றே கூப்பிடுவான். ஒருவரையொருவர் பார்த்ததில்லை. குரல் மட்டும்தான் பழக்கம்.

வயது தன் வேலையைக் காட்டியது. எதிராளி தெரிந்து இவர் விரல் அசைவதற்குள் குண்டு பாய்ந்திருக்கும். தோல்விகள் கூடின. ஒருநாள் பாலா தயங்கித் தயங்கிச் சொன்னான்.

"அண்ணாத்த, தப்பா எடுத்துக்காத. இந்த வாட்டி டோர்னமென்ட்டுக்கு வேற ஒருத்தர இட்னு வர்லாம்னு பசங்க சொல்றானுங்க."

"அதுக்கின்னாபா, இட்னு வாங்க," என்றார் கிருபாகரன். ஹெட்போனைக் கழற்றி வைத்த பிறகு வெகுநேரம் அந்த நாற்காலியை விட்டு எழவில்லை.

அந்த வாரம்தான் டெலிகிராமில் ஒரு குழுவில் சேர்ந்தார். அங்கே 'சீட்' விற்றார்கள், ஆட்டத்தில் ஏமாற்றி ஜெயிக்க உதவும் திருட்டு மென்பொருள். அதைப் போட்டுக்கொண்டால் சுவருக்குப் பின்னால் ஒளிந்திருப்பவனும் சிவப்புக் கோடாகத் தெரிவான். ஆனால் ஆட்டத்துக்கு ஒரு காவல் உண்டு. ஆன்ட்டி-சீட் என்பார்கள். கம்ப்யூட்டர் கண் விழிக்கும்போதே அதுவும் விழித்து, உள்ளே ஆழத்தில் உட்கார்ந்துகொண்டு, வேறு என்னென்ன ஓடுகிறது என்று பார்த்துக்கொண்டே இருக்கும். அதன் கண்ணில் பட்டால் கணக்கு முடக்கப்படும்.

"பயப்படாதீங்க அண்ணா," என்று எழுதினான் விற்றவன். தமிழை ஆங்கில எழுத்தில் எழுதுகிறவன். "அது எவ்ளோ கீழ உக்காந்திருந்தாலும் நம்ம ஐட்டம் அதுக்கும் கீழ உக்காரும். நீங்க ஆன்ட்டி-வைரஸ மட்டும் ஆஃப் பண்ணிட்டு எனக்கு வழி விடுங்க. நானே உள்ள வந்து போட்டுத் தரேன்."

கிருபாகரன் வழி விட்டார். திரையில் அம்புக்குறி தானாக ஓடி ஜன்னல்களைத் திறந்து மூடியதைப் பார்க்க அன்று வேடிக்கையாகக்கூட இருந்தது.

சிவப்புக் கோடுகள் தெரிந்தன. வென்றார். பாலா, "அண்ணாத்த, இன்னா சாப்புட்ற நீ?" என்று சிரித்தான். ஆனால் அவரால் சிரிக்க முடியவில்லை. சுவருக்குப் பின்னால் நிற்பவனைத் தெரிந்தும் தெரியாதது போல நடக்க வேண்டியிருந்தது. மாட்டினால் பாலாவுக்குத் தெரிந்துவிடும் என்பதுதான் அப்போது அவருக்கிருந்த ஒரே பயம்.

மாட்டினார். ஒரு பிற்பகலில் ஆட்டத்தின் நடுவே திரை உறைந்து, விதி மீறலுக்காகக் கணக்கு நிரந்தரமாக மூடப்பட்டது என்று சிவப்பில் எழுத்து வந்தது. பாலா போன் செய்தான். எடுக்கவில்லை. மனதின் ஓரத்தில், தொல்லை விட்டது என்ற நிம்மதிகூட வந்தது. ஆட்டத்தையும் சீட்டையும் அழித்துவிட்டு, ரெஜினா வருவதற்குள் ரசம் வைத்தார்.

மறுநாள் ஷிஃப்ட் முடிந்து வந்தவர், சிநேகாவின் கல்லூரிக் கட்டணம் பற்றிப் பார்க்க வேண்டும் என்று கம்ப்யூட்டரைப் போட்டார். கையை மவுஸ் மேல் வைப்பதற்கு முன்னால் அம்புக்குறி நகர்ந்தது. மேஜை ஆடியிருக்கும் என்று நினைத்தார். மவுஸைத் தூக்கிக் கவிழ்த்து வைத்தார். அம்பு மேலும் நகர்ந்து, எழுதும் பக்கம் ஒன்றைத் திறந்தது. எழுத்துகள் ஒவ்வொன்றாக விழுந்தன.

"அண்ணா, சாப்டீங்களா?"

வெளியே வேப்பமரத்தில் காக்கை கத்திக்கொண்டிருந்தது. பக்கத்து வீட்டுக் குக்கர் விசில் அடித்தது. திரையில் அடுத்த வரி விழுந்தது.

"யூனிஃபார்ம் நல்லா இருக்கு. ஐடி கார்டு கழுத்துல இருக்கும்போது இன்னும் நல்லா இருக்கு."

கூடவே ஒரு படம் வந்தது. அவர்தான். நாற்காலியில் சாய்ந்து, ஹெட்போன் மாட்டி, கழுத்தில் மையத்தின் அடையாள அட்டை தொங்க. பெயர், பிரிவு, எண் எல்லாம் பெரிதாக்கிப் படிக்கும் அளவுக்குத் தெளிவு. கேமராவின் சின்ன விளக்கு எரியவில்லை. எரியாமலே அது பார்த்துக்கொண்டிருந்திருக்கிறது.

பிளக்கைப் பிடுங்கினார். திரை இருண்டது. உடனே சட்டைப் பையில் போன் அதிர்ந்தது.

"ஏன் அண்ணா ஆஃப் பண்ணீங்க? அக்கா ஈவினிங்தான வருவாங்க. நாளைக்கு அவங்களுக்கு நைட் டூட்டின்னு நேத்து சொல்லிட்டு இருந்தாங்களே."

நேற்று அந்த அறையில், அணைக்க மறந்திருந்த கம்ப்யூட்டருக்குப் பக்கத்தில் துணி மடித்துக்கொண்டே ரெஜினா அதைச் சொன்னாள். அவர்கள் பேசியதை அவன் கேட்டிருக்கிறான். நேற்று மட்டும்தானா? எத்தனை நாளாக? இந்த அறையில் உட்கார்ந்து ரெஜினா தன் அம்மாவின் நோயைப் பற்றி அழுதிருக்கிறாள். சிநேகா விடுமுறைக்கு வந்தபோது இங்கேதான் தூங்கினாள். அதை நினைத்ததும் கிருபாகரன் ஓடிப்போய் வாஷ்பேசினில் வாந்தி எடுத்தார்.

அடுத்த செய்தியில் அவன் வந்த விஷயத்தைச் சொன்னான். "ஒரு சின்ன உதவி அண்ணா. பார்சல் வரும். அதுல ஒரு பென் டிரைவ். உள்ள உங்க பிரிவு கம்ப்யூட்டர்ல ஒரு தடவ சொருகி எடுத்தா போதும். யாருக்கும் தெரியாது. இல்லன்னா இந்த போட்டோவும், நீங்க எங்கிட்ட என்ன வாங்குனீங்கங்கிறதும் உங்க ஆபீசுக்குப் போகும்."

பார்சல் உண்மையாகவே வந்தது. மறுநாளே குடியிருப்பின் கேட்டிலிருந்து கூரியர்காரர் கூப்பிட்டார். வீட்டு எண்ணும் தெருவும் சரியாக இருந்தன. உள்ளங்கை அளவு பழுப்பு உறை. வாங்கியவருக்கு அதை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. அரிசி டிரம்மில் வைத்தார். சாப்பிடுகிற பொருள் என்று எடுத்தார். பீரோவில் வைத்தார். ரெஜினா திறப்பாள் என்று எடுத்தார். கடைசியில் அதைக் கையிலேயே பிடித்துக்கொண்டு, வீட்டுக்குள் இருக்க முடியாமல், வெளியே வந்து மாடிப்படியில் உட்கார்ந்தார்.

மறுபடி மறுபடி ஒரே கணக்குதான் மனதில் ஓடியது. சொன்னால் வேலை போகும். ஜெயிலுக்கும் போக வேண்டி வரலாம். செய்யூரில் அப்பாவை எவரும் மதிக்க மாட்டார்கள். சொல்லாமல் சொருகிவிட்டால்? என்ன ஆகும் என்று அவருக்குத் தெரியாது. தெரியாததுதான் பெரிய பயமாக இருந்தது. உள்ளே எந்தக் கதவு எதற்காக மூடியிருக்கிறது என்று அறிந்தவர் அவர். இந்தக் குடியிருப்பில் எத்தனை குழந்தைகள் சைக்கிள் விட்டுக்கொண்டிருக்கின்றன என்பதும் கண் முன்னால் தெரிந்தது.

இரவு டூட்டி என்பதால் அன்று பகலில் வீட்டிலிருந்த ரெஜினா கடைக்குப் போய்விட்டு வந்தாள். காய்கறிப் பையுடன் படியேறியவள் அவரைப் பார்த்து நின்றாள்.

"இன்னா இது, வெளிய உக்காந்துகினு கீற? மூஞ்சி ஏன் இப்படி கீது? சுகர் எறங்கிடுச்சா?"

"உள்ள வேணாம். இங்கயே உக்காரு," என்றார். எல்லாவற்றையும் சொன்னார். சொல்லும்போது அவர் குரல் அவருக்கே கேட்கவில்லை.

முதலில் அவளுக்கு விளங்கவில்லை. "ஆட்டமா? கம்ப்யூட்டர்ல சுடுவியே, அதுக்கா?" பிறகு போனுக்கும் அவன் அனுப்பியிருந்த படத்தைக் காட்டினார். துணி மடித்த விஷயத்தைச் சொன்னார். அவள் முகம் வெளிறியது. முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டாள், அந்தப் படியிலும் ஒருவன் பார்த்துக்கொண்டிருப்பது போல.

"சிநேகா ரூமு அது," என்றாள்.

"வேல போயிடும் ரெஜினா."

"போவும். போனா போவட்டும். அத நீ சொருகினன்னா, அவன் அதோட வுட்டுடுவானா? நாளைக்கு இன்னொண்ணு கேப்பான். நம்ம பொண்ணு போட்டோவக் காட்டிக் கேப்பான்." காய்கறிப் பையைக் கீழே வைத்தாள். "நைட் டூட்டிக்கு வேற ஆள கேட்டுக்கிறேன். நா வூட்ல இருந்து இந்தப் பார்சலப் பாத்துக்கிறேன். நீ காலைல போயி சொல்லு. என்கிட்ட சொன்ன மாதிரியே சொல்லு."

மறுநாள் காலை பாதுகாப்பு அலுவலகத்தின் வாசலில் கிருபாகரன் இரண்டு முறை திரும்பிப் போய், மூன்றாம் முறை கதவைத் தட்டினார். சரவணகுமார் என்ற அதிகாரி இருந்தார். கத்துவார் என்று எதிர்பார்த்தார். அவர் கத்தவில்லை. பேனாவை மூடி வைத்துவிட்டு முழுவதும் கேட்டார்.

"பார்சலைப் பிரிச்சீங்களா?"

"இல்ல சார். தொட்டேன். பிரிக்கல."

"இங்கேயிருந்து எதையாவது அந்த வீட்டுக் கம்ப்யூட்டர்ல ஏத்தியிருக்கீங்களா? ஒரு போட்டோ, ஒரு பேப்பர்?"

"சத்தியமா இல்ல சார்."

"உட்காருங்க. தண்ணி குடிங்க." அவர் போனை எடுத்தபடியே கேட்டார்: "அந்தக் குழுவில் இன்னும் எத்தனை பேர் இருக்காங்க? நம்ம ஆட்கள் வேற யாராவது?"

கிருபாகரனுக்கு அது அதுவரை தோன்றவில்லை. குழுவில் ஆயிரக்கணக்கான பெயர்கள். எல்லாம் புனைபெயர்கள். "தெரியாது சார்," என்றார். சரவணகுமார் அவரை ஒரு நொடி பார்த்தார். அந்தப் பார்வையில் கோபம் இல்லை. அவரும் பயந்திருந்தார்.

கம்ப்யூட்டர், போன், பார்சல் மூன்றையும் எடுத்துப் போனார்கள். விசாரணை மாதக்கணக்கில் நடந்தது. அனுமதி அட்டையை வாங்கிக்கொண்டார்கள். சைபர் போலீஸ் வந்து கேட்டதையே திரும்பத் திரும்பக் கேட்டது. பென் டிரைவில் என்ன இருந்தது என்று கடைசிவரை அவருக்குச் சொல்லவில்லை. விற்றவன் அகப்படவில்லை. குழு ஒரே நாளில் காணாமல் போனது. தானே வந்து சொன்னதால் வேலை தப்பியது. சம்பள உயர்வை நிறுத்தி, மையத்தின் வேலிக்கு வெளியே, குடியிருப்பின் தண்ணீர்ப் பம்ப் அறைக்கு அவரை மாற்றினார்கள்.

சரவணகுமாரின் கேள்வி மட்டும் அவரை விடவில்லை. புது போன் வாங்கியதும் முதலில் பாலாவை அழைத்தார். ஏமாற்றியதை ஒப்புக்கொண்டு, நடந்ததைச் சொன்னார்.

"பாலா? கீறியா?"

"அண்ணாத்த," என்றான் அவன். "நானும் அவன்கிட்டதான் வாங்குனேன். உனுக்கு முன்னாடியே."

"எந்த கம்ப்யூட்டர்ல போட்ட?"

"ஆபீசுலதான். வூட்ல ஏது?"

பாலா வேலை செய்வது திருப்போரூரில் மனை விற்கிற ஒரு அலுவலகத்தில். கிருபாகரன் அப்படியே பஸ் ஏறினார். கோயில் தெருவுக்குப் பின்னால், லேஅவுட் படங்கள் ஒட்டிய கண்ணாடிக் கதவுக்கு உள்ளே, ஒல்லியான ஒரு பையன் "அண்ணாத்த?" என்றபடி எழுந்து நின்றான். குரலை வைத்து அடையாளம் கண்டார். இருவரும் கைகூடக் கொடுத்துக்கொள்ளவில்லை.

மேஜை மேல் கம்ப்யூட்டர் ஓடிக்கொண்டிருந்தது. அலமாரி முழுக்க மனை வாங்கியவர்களின் பத்திர நகல்களும் ஆதார் நகல்களும். எல்லாமே அந்தக் கம்ப்யூட்டரிலும் இருக்கின்றன என்று பாலா காதோடு காதாகச் சொன்னான். கிருபாகரன் ஒரு விரலை உதட்டில் வைத்து, கேமராவைக் காட்டினார். பாலா சுவர்ப்பக்கம் குனிந்து ஒயரைப் பிடுங்கினான்.

"மொதலாளி வந்தா இன்னான்னு சொல்றது?" என்றான். கண் கலங்கியிருந்தது.

"நடந்தத சொல்லு. நா கூட இருக்கேன்."

முதலாளி வர நேரமாகும் என்றான் பாலா. கிருபாகரன் வாடிக்கையாளர் நாற்காலி ஒன்றை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். கண்ணாடிக் கதவுக்கு வெளியே யார் நின்றாலும் இருவரும் ஒரே நேரத்தில் திரும்பிப் பார்த்தார்கள்.