சித்தி சொன்ன பித்தப்பைக் கல்

போன மாதம் ஒரு வியாழக்கிழமை, முன்பின் தெரியாத அமெரிக்கப் பெண்மணி ஒருவருக்கு வாந்தி. அந்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை.

சம்பந்தம் இருக்கிறது. சொல்கிறேன்.

என் வேலை மெடிக்கல் கோடிங் என்பது இந்தப் பக்கத்தைத் தொடர்ந்து படிக்கிறவர்களுக்குத் தெரியும். புதிதாக வந்தவர்களுக்கு — அமெரிக்காவில் டாக்டர் எழுதுகிற நோய் விவரத்தை இன்ஷூரன்ஸ் கம்பெனிக்குப் புரிகிற எண்களாக மாற்றுகிற வேலை. சின்ன காஞ்சிபுரத்தில் ஒரு வீட்டில் தறிச் சத்தம் கேட்டால், அடுத்த வீட்டில் என்னைப் போல ஒருத்தி ஹெட்செட்டை மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். நான் இப்போது கோட் போடுவதில்லை. மற்றவர்கள் போட்டதில் தப்புக் கண்டுபிடிக்கிறேன். இதை நான் வீட்டில் இலவசமாகவே செய்துவந்தேன் என்பது என் கணவரின் கருத்து.

அந்தப் பெண்மணி குழந்தை பெற்றுச் சில வாரங்கள் ஆனவர். ஓயாத வாந்தி. எங்கள் டீமில் இருக்கும் பெனிட்டா அதற்கு ஒரு கோட் போட்டிருந்தாள். எடை குறைப்பு ஆபரேஷன் முன்பே செய்துகொண்டவர், பிரசவத்துக்குப் பிறகு அதனால் சிக்கல் என்று அந்தக் கோடுக்கு அர்த்தம். ஆமாம், இதற்கென்றே தனியாக ஒன்று இருக்கிறது. கர்ப்பத்தின்போது சிக்கல் என்றால் வேறு கோட், பிரசவத்தின்போது என்றால் வேறு. கிளி கொத்தினால்கூட கோட் வைத்திருக்கிறவர்கள், இதற்கு வைக்க மாட்டார்களா?

ஆனால் டாக்டர் அந்த ஆபரேஷனைப் பற்றி ஒரு வார்த்தைகூட எழுதவில்லை. டயட்டீஷியனின் குறிப்பில் மட்டும்தான் இருந்தது. எங்கள் தொழிலில் இது செல்லாது. டாக்டர் எழுதாத நோய் இல்லாத நோய். சந்தேகம் வந்தால் டாக்டருக்கே ஒரு கேள்வி அனுப்ப வேண்டும்.

“டயட்டீஷியன் பொய்யாக்கா சொல்லப்போறாங்க?” என்று போனில் மல்லுக்கு நின்றாள் பெனிட்டா. “ஆபரேஷன் பண்ணினு இருக்காங்கன்னு நமக்கு நல்லாவே தெரியுது இல்ல?”

“நமக்குத் தெரிஞ்சி என்னம்மா ஆவப்போவுது? டாக்டருக்குத் தெரியணும். கேள்வி அனுப்பு.”

தப்பு என்று மார்க் போட்டுவிட்டு, மதியம் நன்றாகவே சாப்பிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை ஓரிக்கைக்குப் போனேன், சித்தி வீட்டுக்கு. சித்தி மகள் — இங்கே அவளுக்குக் கவிதா என்று பெயர் வைத்துக்கொள்வோம் — முதல் பிரசவம் முடிந்து அம்மா வீட்டுக்கு வந்திருந்தாள். பெண் குழந்தை. நல்ல நிறம், நல்ல தொண்டை.

கவிதாவைப் பார்த்தபோதுதான் எனக்குத் திக்கென்றது. கன்னம் ஒட்டி, கண் உள்ளே போயிருந்தது. தட்டில் பூண்டுக் குழம்பும் குழைந்த சோறும் மலையாகக் கிடந்தன. பக்கத்தில் அரை டம்ளர் வெந்நீர். பிள்ளை பெற்றவள் தண்ணீர் குடித்தால் வயிறு தொங்கிவிடும் என்பது எங்கள் ஊர்ப் பத்தியத்தின் சட்டம். நாலு வாய் சாப்பிட்டதும் எழுந்து போய் வாந்தி எடுத்துவிட்டு வந்தாள். அழுத குழந்தையைத் தூக்கிக்கொண்டு திரும்பியவள், கால் தடுமாறிச் சுவரைப் பிடித்தாள்.

“காலு மதமதன்னே இருக்குதுக்கா” என்றாள், சாதாரணமாக.

இங்கே ஒரு குடும்ப ரகசியத்தைச் சொல்லியாக வேண்டும். கல்யாணத்துக்கு முன்பு கவிதா ரொம்பவும் குண்டு. பெண் பார்க்க வந்தவர்கள் பஜ்ஜியைச் சாப்பிட்டுவிட்டுப் பதில் சொல்லாமல் போனார்கள். கடைசியில் சித்தி அவளைச் சென்னைக்கு அழைத்துப்போய் இரைப்பையைச் சின்னதாக்கும் ஆபரேஷன் செய்துவைத்தார். துளை போட்டுச் செய்வது என்பதால் வயிற்றில் சின்னச் சின்னத் தழும்புகள்தான். பித்தப்பைக் கல்லை எடுத்தாலும் அதே மாதிரிதான் இருக்கும். சித்தி அதைப் பிடித்துக்கொண்டார். மாப்பிள்ளை வீட்டுக்குச் சொன்னது பித்தப்பைக் கல். குழந்தை பிறந்த நர்சிங் ஹோமில் சொன்னதும் அதேதான், ஏனென்றால் அங்கேயும் மாமியார் கூடவே இருந்தார்.

அந்த ஆபரேஷன் செய்துகொண்டவர்கள் ஆயுளுக்கும் விட்டமின் மாத்திரை சாப்பிட வேண்டும். கொஞ்சம் கொஞ்சமாக, அடிக்கடி சாப்பிட வேண்டும். இடையிடையே தண்ணீர் நிறையக் குடிக்க வேண்டும். எதற்கு மாத்திரை என்று புகுந்த வீட்டில் யாராவது கேட்டால்? கல்யாணமான கையோடு நிறுத்திவிட்டிருந்தாள்.

வியாழக்கிழமை நான் தப்புப் போட்ட அந்த அமெரிக்கப் பெண்ணின் சார்ட், கண் எதிரே குழந்தையை வைத்துக்கொண்டு நின்றது.

சித்தியைச் சமையலறைக்குள் தள்ளிக்கொண்டு போனேன்.

“சித்தி, டாக்டராண்ட ஆபரேஷன சொல்லிடலாம். இது பத்தியத்துல சரியாவுற வாந்தி இல்ல.”

“நீ சும்மா இரும்மா. சம்பந்தி வாரத்துல பாதி நாளு இங்கதான் இருக்குறாங்க. வயித்த வெட்டிக்கினு வந்தவன்னு தெரிஞ்சா என் பொண்ணு அங்க தலை நிமிந்து வாழ முடியுமா?”

பின்னாலேயே வந்த கவிதா என் கையைப் பிடித்துக்கொண்டாள். “ப்ளீஸ்கா. எந்த மாத்திரன்னு உனக்குத் தெரியும் இல்ல? நீயே வாங்கிக் குடுத்துடு. யாராண்டயும் சொல்லாத.”

எனக்குத் தெரிந்ததெல்லாம் எண்கள். மாத்திரை எழுதிக் கொடுக்க நான் யார்? அப்படியே சொன்னேன். அவள் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அன்றிலிருந்து நான் நானாக இல்லை. அடுப்பில் பாலை வைத்துவிட்டு வாசலில் போய் நின்றேன். பால் பொங்கி அடுப்பு அணைந்து, கேஸ் வாசம் வந்த பிறகு கணவர்தான் ஓடினார். வரதர் கோயிலுக்குப் போய்ப் பிரகாரத்தைச் சுற்றினேன். எதை வேண்டிக்கொள்வது என்று தெரியாமல் திரும்பி வந்தேன். சொன்னால் அவள் வாழ்க்கை போய்விடுமோ? சொல்லாவிட்டால் அவளே போய்விடுவாளோ? போனை எடுப்பேன், வைப்பேன்... முகம் தெரியாத அமெரிக்கப் பெண்ணின் பெயரைக்கூட வெளியே சொல்ல மாட்டேன் என்று ஆபீஸில் கையெழுத்துப் போட்டவள் நான். சொந்தத் தங்கையின் வயிற்றை அவள் மாமியார் முன்னால் திறந்து காட்டுவதா?

செவ்வாய்க்கிழமை வாந்தி நிற்காமல் கவிதாவை நர்சிங் ஹோமுக்குக் கொண்டுபோனார்கள். நானும் லீவு போட்டுவிட்டு ஓடினேன். டாக்டரைத் தனியாகப் பார்த்துச் சொல்லியிருக்கலாமே என்று கேட்பீர்கள். அந்த எண்ணத்தில்தான் போனேன். ஆனால் நான் போய்ச் சேர்ந்தபோது எல்லோரும் டாக்டர் ரூமுக்குள் இருந்தார்கள். கவிதா, சித்தி, குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு மாமியார்.

நம் ஊரில் நோயாளி எப்போது தனியாக டாக்டரைப் பார்த்திருக்கிறார்? அப்பாவுக்குச் சர்க்கரை என்றால் குடும்பமே உள்ளே போகிறது. “ஸ்வீட்டா? தொடவே மாட்டேன் டாக்டர்” என்று அவர் சொல்வார், அம்மா ஃபேனைப் பார்ப்பார். யார் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறார்களோ, அவர்களுக்குத் தகுந்த மாதிரி நமக்கு நோய் வருகிறது.

“முன்னாடி வேற எந்த ஆபரேஷனும் இல்ல இல்ல?” என்றார் டாக்டரம்மா, பேனாவைத் திறந்துகொண்டே.

“பித்தப்பைல கல்லு மட்டுந்தாங்க” என்றார் சித்தி. குரல் கொஞ்சமும் பிசகவில்லை.

கவிதா தரையைப் பார்த்தாள். டாக்டர் வாயுத் தொல்லைக்கு மாத்திரை எழுத ஆரம்பித்தார். வெளியே நர்ஸ் அடுத்த டோக்கனைக் கூப்பிட்டாகிவிட்டது.

“இல்லீங்க டாக்டர்” என்றேன். என் குரல் எனக்கே யாருடையதோ போல் கேட்டது. “எடை குறைக்க ஆபரேஷன் பண்ணினது. விட்டமின் மாத்திரைய நிறுத்தி ரொம்ப நாளாச்சு. காலு மரத்துப்போவுது.”

பேனா நின்றது. டாக்டர் எழுந்து வந்து கவிதாவின் பாதத்தில் விரலால் தட்டித் தட்டிப் பார்த்தார். கண்ணை இந்தப் பக்கம் அந்தப் பக்கம் உருட்டச் சொன்னார். பிறகு நர்ஸைக் கூப்பிட்டு உடனே அட்மிஷன் என்றார். முதலில் விட்டமின் ஊசி, அப்புறம்தான் டிரிப்ஸ் என்று இரண்டு தடவை சொன்னார். “இன்னும் விட்டிருந்தா நரம்பு திரும்பாமலே போயிருக்கும்மா” என்றார் என்னிடம்.

மாமியார் குழந்தையைத் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். அவர் கத்துவார் என்று எதிர்பார்த்து நான் சுவரோரமாக ஒதுங்கினேன். கத்தவில்லை.

“என்னாண்ட சொல்லாதது இருக்கட்டும் சம்பந்தி” என்றார் சித்தியைப் பார்த்து. “டாக்டராண்ட கூடவா சொல்லக் கூடாது? நான் இருக்கிறேன்னு தானே சொல்லல? வெளிய போன்னு சொல்லியிருந்தா போயிருப்பனே.”

அவரை வெளியே அனுப்பலாம் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவே இல்லை.

இதற்குப் பிறகு எல்லாம் சுபம் என்று எழுத ஆசைதான். மாமியார் அன்றைக்கே ஊருக்குப் போய்விட்டார். மாப்பிள்ளை தினமும் வந்து குழந்தையைப் பார்க்கிறார், அதிகம் பேசுவதில்லை. சித்தி என் போனை எடுப்பதில்லை. கவிதா வீடு திரும்பிவிட்டாள். வாந்தி நின்றுவிட்டது. கால் மரத்துப்போவது குறைந்துகொண்டு வருகிறது.

நான் செய்தது சரியா? வாரத்தில் நாலு நாள் சரி என்று தோன்றுகிறது. மற்ற நாட்களில் பாலை மறுபடியும் பொங்கவிடுகிறேன்.

இதை எழுதலாமா என்று கவிதாவுக்கு வாட்ஸப்பில் கேட்டேன். இரண்டு நாள் நீல டிக்தான் இருந்தது. நேற்று பதில் வந்தது. “எழுது. வேற யாராச்சும் மாத்திரைய ஒளிச்சி வெச்சினு இருப்பாங்க. பேர மாத்திடு. ஆனா உங்கூட நான் பேச மாட்டேன்.”

பேசாவிட்டால் போகட்டும் — கோபப்படுகிற அளவுக்கு உடம்பில் தெம்பு வந்திருக்கிறதே!