ஒன்பது கிணறுகளின் அறிக்கை

காலை ஒன்பது மணி பத்து நிமிடம். பிரதேச செயலகத்தில் தகவல் அலுவலரின் மேசையில் நான் முதலில் கண்டது, மூடி கழற்றிய ஒரு கறுப்பு மாக்கர் பேனை.

மாம்புரியில் எங்கள் ஒழுங்கையில், அந்த ஒடுங்கிய தெருவில், ஒன்பது வீடுகள், ஒன்பது கிணறுகள். தோட்டங்களுக்குப் போடும் பசளை தண்ணீரில் இறங்கியிருக்கிறதா என்று பார்க்க, ஏழு மாதங்களுக்கு முன் பிரதேச செயலகத்திலிருந்து வந்து போத்தல்களில் தண்ணீர் எடுத்துப் போனார்கள். முடிவைக் கேட்டால், "அது உள்ளக அறிக்கை" என்றார்கள். பக்கத்து வீட்டில் அக்கா முறையான ராத்தாவின் மகளுக்கு முதல் பிள்ளை பிறக்க இருந்தது. தண்ணீர் நல்லதென்று தெரியாமல் தாய் வீட்டுக்கு அனுப்ப மாட்டேன் என்று மருமகன் சொல்லிவிட்டார். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் விண்ணப்பத்தை நான் எழுதினேன், ராத்தா கையெழுத்திட்டார்.

அலுவலர் தந்த தாளில் ராத்தாவின் பெயரைத் தவிர மற்ற எட்டுக் கிணற்றுக்காரர்களின் பெயர்களும் கறுப்பாக்கப்பட்டிருந்தன.

"மத்தவங்கட பேரைத் தர ஏலாது. நாளைக்கு ஒருத்தர் காணி விக்கப் போனா, வாங்க வாறவர் இந்தத் தாளைக் காட்டித்தான் விலையக் குறைப்பார்."

பத்திரிகையில் இருந்த காலத்தில் இதற்குச் சண்டை பிடித்திருப்பேன். அவர் சொன்னதில் நியாயம் இருந்தது. கையெழுத்து வைத்து வாங்கிக்கொண்டேன்.

ராத்தா தன் வீட்டு வாசல் படலையடியில் நின்றார். "என்ன தம்பி, பேப்பர்காரன்ட மூஞ்சில ஒண்டும் வெளங்குதில்லையே."

"உங்கட தண்ணி நல்லம் ராத்தா. குடிக்கலாம்."

"அல்ஹம்துலில்லாஹ்." உடனே மகளுக்குப் போன் எடுத்தார். "பெட்டியக் கட்டு மகள். உன்ட மாப்புளைக்கிட்டச் சொல்லு, கவுமெந்தே சீல் குத்தித் தந்திரிக்கி எண்டு."

பிறகு தாளை வாங்கிப் பார்த்தார். ஒரு கிணறு மட்டும் குடிக்க உதவாது என்றிருந்தது. பெயர் கறுப்பு. ஆனால் ஒவ்வொரு கிணற்றின் ஆழத்தையும் அளக்காமல், உள்ளே இறக்கிய கொங்கிரீட் வளையங்களை எண்ணி எழுதியிருந்தார்கள். எங்கள் ஒழுங்கையில் யார் கிணறு வெட்டினாலும் வளையம் இறக்க எல்லா வீட்டு ஆண்களும் போவார்கள்; பெண்கள் தேத்தண்ணி கொண்டுபோவார்கள். யார் கிணற்றில் எத்தனை வளையம் என்று எல்லோருக்கும் தெரியும்.

"ஏழு வளையம்," என்றார் ராத்தா. "கடைசி ஊடு."

அவர் தாளை நாலாக மடித்தார்.

"இத ஆருக்கும் காட்டாதீங்க தம்பி. அவங்களுக்கு மட்டும் நான் போய்ச் சொல்றன்."

அன்று அஸர் தொழுகைக்குப் பிறகு ராத்தாவின் கிணற்றிலிருந்து கடைசி வீட்டுக்கு இரண்டு குடம் தண்ணீர் போனது.