கொடி வைக்காத மேசை

ஊரிலிருந்து அனுப்பும் வீடியோ கசற் இந்த நாட்டு ரீவியில் ஓடாது. உங்களுக்கு இது வேடிக்கையாக இருக்கும். ஆட்களைப் போலவே கசற்றையும் இங்கே மாற்றி எடுக்க வேண்டும். வெக்ஸ்போர்ட்டில் எங்கள் கடையில் அந்த வேலையைத்தான் செய்தோம். படம் முழுதாக ஓடினால்தான் கொப்பி முடியும். அடுத்த வீட்டுக் கலியாணங்களையும் செத்தவீடுகளையும் பார்த்தே என் கனடா வாழ்க்கையில் பாதி போனது.

ஒரு மார்கழியில் மிலெனா என்ற செக் நாட்டுப் பெண் தன் கசற்றோடு வந்தார். படத்தில் ராசகுமாரி, அசட்டுப் பிசாசுகள், தண்ணீருக்குள் குடியிருக்கும் பச்சைக் கோட்டுக்காரன். மூழ்கிப்போனவர்களின் உயிர்களை அவன் கோப்பைகளைக் கவிழ்த்து அடைத்து வைப்பான். ஒரு சிறுமி களவாகப் போய்த் திறந்துவிடுவாள். பிள்ளைகளின் படமா என்று கேட்டேன். மிலெனாவுக்குக் கோபம் வந்துவிட்டது. நத்தார்ப் பண்டிகைக்கு நாடே குந்தியிருந்து பார்க்குமாம். பெரிய நடிகர்களே பிசாசு வேசம் கட்டுவார்களாம். வாய் திறக்கப் பயந்த காலத்தில் அரசாங்கத்தை நக்கலடிக்க அந்தப் பிசாசுகள்தான் உதவினவாம். அப்படியொரு காலத்தை எனக்கு யாரும் விளக்கத் தேவையில்லை. மிலெனா விட்டுப்போன ஒரு கொப்பியை என் மகள் துளசி, ஒரு சொல்லும் விளங்காமலே, தேயத் தேயப் பார்த்தாள்.

பள்ளிக்கூடத்தில் அவரவர் நாட்டுக் கதை சொல்லும் விழா வந்தது. பச்சைக் கோட்டுக்காரன் கதையைச் சொல்லப்போகிறேன் என்று போன துளசி அழுதுகொண்டு வந்தாள்.

"அம்மா, உது எங்கட கதை இல்லையாம். ரீச்சர் வேற கதை கொண்டுவரச் சொன்னவா."

அடுத்த நாளே போனேன். ரீச்சர் நல்ல மனுசிதான். யானை, மயில் வருகிற கதை ஒன்றும் இல்லையா என்று சிரித்தபடி கேட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வெள்ளைக்காரப் பிள்ளைகள் யாருடைய கதையையும் சொல்லலாம், என் பிள்ளை மட்டும் யானையோடு நிற்க வேண்டுமோ? இதைத்தான் சொல்லுவாள் என்றேன். மேசையில் வைக்க அவர் நீட்டிய சிங்கக் கொடியையும் வாங்கவில்லை. எந்தக் கொடியின் விமானங்களுக்குப் பயந்து ஓடிவந்தோம் என்று விளக்க என் இங்கிலிஷ் போதாது. "நோ" மட்டும் தாராளமாக வந்தது.

"அப்படியென்றால் செக் கொடியா?" என்று குழம்பிப்போய்க் கேட்டார்.

"அதுவும் நோ."

விழாவில் எங்கள் மேசை மட்டும் கொடியில்லாமல் இருந்தது. துளசி வீட்டுத் தேத்தண்ணிக் கோப்பைகளைக் கவிழ்த்து வைத்து, இங்கிலிஷில் கதை சொல்லி, ஒவ்வொன்றாகத் தூக்கினாள். கடைசிக் கோப்பையில் தமிழுக்கு மாறினாள்.

"ரவி மாமா, இனி நீங்கள் போகலாம்."

ரவி என் தம்பி. ஊரில் கடலேரியைப் படகில் கடக்கும்போது மூழ்கிப்போனவன். உடல் கிடைக்கவில்லை. நான் அழவில்லை, அழுதால் பாவம் அகதி என்று எல்லாரும் சூழ்ந்துவிடுவார்கள்.

ரீச்சர் பக்கத்தில் குனிந்து, இப்போது அவள் பேசியது செக் மொழியா என்று கேட்டார்.

"ஓம்," என்றேன், தமிழில்.