பத்துப் பேர் சொன்ன யோசனை

பொன்னேரி ரயில் நிலையத்தில் பெரியம்மா மகன் தன் கைப்பேசியை என் முகத்துக்கு நேரே நீட்டிய அந்தக் காலை இன்னும் கண்ணை விட்டுப் போகவில்லை. கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் ஒப்பந்தத் தொழிலாளி அவர். ஷிப்ட் முடிந்து வந்திருந்தார், நகக்கண்களில் கிரீஸ். திரையில் வரிசையாகப் பத்துக் கட்டுரைகள்: குறும்படம் எடுப்பது எப்படி, அதை மக்களிடம் கொண்டுபோவது எப்படி.

"இன்னா பாப்பா, பத்து பேரும் ஒரே மாரி சொல்றான். பத்து பேருமா பொய் சொல்லுவான்?"

அந்தப் பத்துப் பேரும் நான்தான். வீட்டிலிருந்தே ஓர் இணைய நிறுவனத்துக்கு வேலை செய்துகொண்டிருந்தேன். ஒரு கட்டுரையை அனுப்புவார்கள். பத்துத் தளங்களுக்கு அதைப் பத்தாக்கித் தர வேண்டும். 'படப்பிடிப்பு' 'ஷூட்டிங்' ஆகும், 'இயக்குநர்' 'படைப்பாளி' ஆவார், 'ரசிகர்கள்' 'பார்வையாளர்கள்' ஆவார்கள். காப்பி என்று மென்பொருள் கண்டுபிடிக்காவிட்டால் போதும். மூலத்தை யார் எழுதினார்களோ, அவர்கள் படம் எடுத்தவர்களோ இல்லையோ, நான் கேட்டதில்லை. மளமளவென்று முடிப்பேன், அதில் கர்வம் வேறு. கேமராவை நான் தொட்டதுகூட இல்லை.

அண்ணன் எடுத்துக்கொண்டிருந்த குறும்படம், தகடு அழுத்தும் பிரஸ் இயந்திரத்தில் மூன்று விரல்களை இழந்த அவருடைய நண்பரைப் பற்றியது. நண்பரே நடித்தார். விபத்துக்குப் பிறகு அதே கம்பெனியில் அவருக்குப் பெருக்கும் வேலை கொடுத்திருந்தார்கள். சாப்பாட்டு இடைவேளைகளில், யாருக்கும் தெரியாமல், அந்த இயந்திரத்தின் பக்கத்திலேயே கைப்பேசியில் எடுத்துக்கொண்டிருந்தார்கள். கட்டுரைகள் சொன்னதோ இது: படம் முடியும்வரை காத்திருக்காதே, முதல் நாளிலிருந்தே படப்பிடிப்புப் புகைப்படங்களை இடத்தின் பெயரோடு போடு.

"நீ படிச்ச பொண்ணு. சொல்லு, போடலாமா?"

அப்போதே உண்மையைச் சொல்லியிருக்கலாம். ஆனால் என் வாக்கியங்களை ஓர் ஆள் உட்கார்ந்து படித்திருக்கிறார் என்பதை அன்றுதான் முதன்முதலாகப் பார்க்கிறேன். அந்தச் சந்தோஷம் இருக்கிறதே, அது வாயைக் கட்டிவிட்டது. "போடுண்ணா, சூப்பரா ரீச் ஆவும்" என்றேன்.

கம்பெனி பெயரோடு மூன்று புகைப்படங்களை இணையத்தில் போட்டார். நான்காம் நாள் கம்பெனி கேட்டிலேயே இருவரின் அடையாள அட்டைகளையும் பிடுங்கிக்கொண்டு, கைப்பேசியில் எடுத்ததையெல்லாம் அழிக்கவைத்து அனுப்பிவிட்டார்கள். அண்ணனுக்கு வேறு கம்பெனி கிடைத்தது. நண்பருக்கு, அந்தக் கையை வைத்துக்கொண்டு, எங்கேயும் கிடைக்கவில்லை. இப்போது எளாவூர் பக்கம் லாரிக்காரர்களுக்குத் தண்ணீர் பாட்டில் விற்கிறார். "வுடு நைனா, நானும்தான சரின்னேன்" என்று அண்ணனைத் தேற்றினாராம்.

அண்ணன் யாரையும் திட்டவில்லை. பத்துக் கட்டுரைகளுக்கும் கீழே ஒரே குறிப்பை எழுதினார்: "சார், கம்பெனில கான்ட்ராக்ட்ல இருக்கறவங்க இத செய்யாதீங்கன்னு ஒரு வரி சேத்துடுங்க. வேல பூடும்." பதில் வரவில்லை. "ஒருத்தன்கூட பதில் போடல பாத்தியா, பெரிய ஆளுங்க" என்று சிரித்தார். நானும் சிரித்தேன்.

போன வாரம் அதே கட்டுரை மறுபடி வந்தது, இன்னும் பத்துத் தளங்களுக்கு. அண்ணன் கேட்ட வரியைச் சேர்த்து அனுப்பினேன். "மூலத்தில் இல்லாத வாக்கியம், நீக்கவும்" என்று சிவப்பில் குறித்துத் திருப்பினார்கள். நீக்கினேன். 'காத்திருக்காதே' என்று இருந்த இடத்தில் 'தாமதிக்காதே' என்று மாற்றி, பத்தையும் மாலைக்குள் அனுப்பிவிட்டேன்.