நாலே முக்கால் அடி விழுந்த தேர்வு

பதினோரு ஆண்கள் தோற்றுப்போன லிஃப்ட் ஆய்வாளர் உரிமம், மோட்டார் அறைச் சாவி, கால் ஆடாத ஒரு நாற்காலி. என் தங்கை வென்றவை இவை. அதற்கு முன் ஆறு வருடம் பழுது பார்த்தது அவள். பதிவேட்டில் கையெழுத்துப் போட்டது மேஸ்திரி.

தேர்வில் ஒரே கேள்வி: கயிறு விட்டுப்போனால் லிஃப்ட் ஏன் விழுகிறது? தேர்வாளர்கள் மூவரும் ஒருமனதாக ஒப்ப வேண்டும். ஆனால் உரிமம் தரும் அலுவலகத்தில் பழைய விதியைக் கிழிக்க மாட்டார்கள். அதன்மேல் புதியதை ஒட்டுவார்கள். யார் எந்தக் காலத்தில் வேலைக்குச் சேர்ந்தாரோ, அந்தக் காலத்துச் சீட்டுதான் அவருக்கு வேதம்.

தங்கை வெந்நீர் ஆவியில் காட்டி நான்கு சீட்டுகளையும் பிரித்தாள். அடிச்சீட்டு: கனமான பொருளின் சொந்த இடம் கீழே, அங்கே போகத் துடிக்கிறது. அதற்கு மேல்: காற்று தடுக்காவிட்டால் கனமும் லேசும் ஒன்றாகவே விழும். மூன்றாவது: பூமி இழுக்கிறது, நிலாவைச் சுற்றவைப்பதும் அதே இழுப்பு. நான்காவது: இழுப்பே இல்லை, பூமி தன்னைச் சுற்றி வெளியையும் காலத்தையும் வளைத்திருக்கிறது.

தேர்வன்று மூவரையும் பத்தாம் மாடியில் லிஃப்டுக்குள் அழைத்தாள். பெரியவரை எடை மெஷின்மேல் நிறுத்தினாள். மோட்டார் அறையில் கயிற்றின் பூட்டைப் பிடித்திருந்தது நான். பேச்சு முழுவதும் மேலே கேட்டது.

"நாலடி சும்மா விழும். அடியில இருக்கிற பாதுகாப்புப் பிடி தண்டவாளத்தைக் கவ்வும். முக்காலடி இழுத்துட்டு நிக்கும்" என்றாள் தங்கை.

"ஏம்மா, உனக்கென்ன பைத்தியமா?" என்றார் கண்ணாடிக்காரர்.

விட்டுவிட்டேன். எடை முள் பூஜ்யத்துக்குப் போனதாம்.

"வீட்டுக்குப் போகுதுடா!" என்று கத்தினார் பெரியவர்.

"பூமி இழுக்குதுய்யா!" இது கண்ணாடிக்காரர்.

"முள்ளைப் பாருங்க, யாரும் இழுக்கல!" என்றார் இளையவர்.

இத்தனையும் அரை விநாடிக்குள். அதிகாரிகளால் முடியும்.

பிடி கவ்வி லிஃப்ட் நின்றது.

"எந்தச் சீட்டும்மா சரி?" என்றார் இளையவர்.

"ரெண்டாவது அளந்து பாத்துச்சு சார். மூணாவது கணக்குப் போட்டுச்சு. அந்தக் கணக்கு எங்க உதைக்கும்னு நாலாவது சொல்லுச்சு. லிஃப்டுக்கு மூணாவதே தாராளம். நாலாவதுல போட்டாலும் இதே நாலே முக்கால்தான்."

"அப்ப என் சீட்டு?" என்றார் பெரியவர்.

"அதுல எத்தனை அடின்னே இல்லீங்கய்யா. அது தெரியாம பிடியை எங்க வைக்க?"

"சரி, கதவைத் திற. ஒப்புதல் போடுறேன்."

"போட்டாத்தான் திறக்கலாம். உரிமம் இல்லாதவங்க, நின்ன லிஃப்டைத் தொடக்கூடாது."

அந்த விதியை ஒட்டியவர் பெரியவரேதான். மூவரும் ஒருமனதானார்கள்.

நான் இறங்கி டேப்பால் அளந்தேன், நூலளவும் பிசகவில்லை. தங்கை அதைப் பதிவேட்டில் எழுதி, மேஸ்திரியின் பேனாவை வாங்கி, முதன்முதலாகத் தன் பெயரைக் கையெழுத்தாகப் போட்டாள்: 17 ஆகஸ்ட் 1994, புதன்கிழமை.