வாசலுக்கு வந்த கார்

குஷாய்குடாவில் எங்கள் வீட்டு வாசலுக்கே அந்தத் தனியார் பல்கலைக்கழகம் கார் அனுப்பியது. உதவி நூலகர் வேலைக்கு நேர்காணல். "கண்டிப்பா வந்துடுங்க மேடம்" என்று இரண்டு முறை போன் வேறு. எத்தனையோ இடங்களுக்கு விண்ணப்பித்துப் பதிலே வராமல் நொந்துபோயிருந்த எனக்குத் தலைகால் புரியவில்லை. என் படிப்பையும் மதிக்கிறார்களே என்று பூரித்துப் போனேன்.

அங்கிருந்த கிளார்க் மாரெட்பள்ளித் தமிழர். என்னைப் பார்த்ததும் நிம்மதிப் பெருமூச்சு விட்டார்.

"நல்லவேளை வந்தீங்கம்மா! மூணு பேர் இல்லேன்னா இன்டர்வியூ செல்லாது. ஒருத்தர் காலையிலதான் நக்கோன்னுட்டார், வேண்டாமாம்."

"அப்ப வேலை யாருக்கு?"

எதிரே உட்கார்ந்திருந்த பெண்ணைக் கண்ணாலேயே காட்டினார். "டைரக்டர் சாரோட மருமக. நீங்க டென்ஷன் ஆகாதீங்க. சும்மா உள்ளே போய்ட்டு வாங்க, லஞ்ச் இருக்கு."

வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட எடுத்த பேனாவை மேசைமேல் வைத்தேன்.

"அப்ப இன்னிக்கு இன்டர்வியூ செல்லாது" என்று எல்லோர் காதிலும் விழும்படி சொல்லிவிட்டு வெளியே வந்தேன். திரும்பிப் போகக் கார் இல்லை. பஸ் நிறுத்தம் வரை வெயிலில் நடந்தேன்.

மறுவாரமே மறுபடியும் போன். "தேதி மாத்தியிருக்கோம் மேடம், கார் அனுப்பட்டுமா?"

போனை வைத்துவிட்டேன். தகுதியில்லை என்று திருப்பி அனுப்பியிருந்தால் அழுதுவிட்டு மறந்திருப்பேன். தகுதி இருந்ததால்தான் கூப்பிட்டார்கள். ஒப்புக்கு உட்காரவும் தகுதியான ஆள் வேண்டியிருக்கிறது அவர்களுக்கு.