இரும்புக் குள்ளனும் கான்னியின் விசிலும்

கான்னி டொரிசி ஊதினால் ஊதியதுதான். ஆஸ்திரேலியாவின் இன்னிஸ்ஃபெயிலில் அவளோடு இதற்காக மல்லுக்கு நின்றவர்கள் நிறையப் பேர். ஜெயித்தவர் ஒருவரும் கிடையாது.

கரும்பு வெட்டும் பருவத்தில் ஆலையின் கரும்பு ரயிலை ஓட்டுவாள். மற்ற நாட்களில் ஆலைக்குள்ளே எண்ணெயும் கிரீஸுமாக ஏதாவது ஒரு இயந்திரத்துக்கு அடியில் கிடப்பாள். ஆனால் ஊருக்கு அவளைத் தெரிந்தது டச் ஃபுட்டி நடுவராக. பந்தைக் கையில் ஏந்தி ஓடும் அந்த ஆட்டத்தில் ஆளைக் கட்டிப் பிடித்துக் கீழே தள்ளக் கூடாது. கையால் தொட்டால் போதும், பந்து வைத்திருப்பவன் நின்றுவிட வேண்டும். சட்டையைத் தொட்டாலும் தொட்டதுதான், தலைமுடியைத் தொட்டாலும் தொட்டதுதான். ஒரு இறுதி ஆட்டத்தில் அவளுடைய அண்ணன் மகன் கோட்டைத் தாண்டிப் பந்தை வைத்துவிட்டுக் கையைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறான், இவள் விசில் ஊதிவிட்டாள். அவனுடைய கால்சட்டை ஓரத்தில் ஒரு விரல் உரசியதாம். கோப்பை போயிற்று. அந்த வருடம் கிறிஸ்துமஸ் விருந்துக்கு டொரிசி குடும்பம் அவளை அழைக்கவில்லை. அவளோ லசானியா தட்டைத் தூக்கிக்கொண்டு தானாகவே போய் நடு நாற்காலியில் உட்கார்ந்தாள்.

அப்பேர்ப்பட்டவளுக்குத்தான் முழங்கால் போனது. கெய்ர்ன்ஸ் நகரத்து மருத்துவமனையில் அறுவை சிகிச்சை செய்தார்கள். நடக்கலாம், ஓடக் கூடாது என்று சொல்லி அனுப்பினார்கள். மைதானத்துக்கு வேறு நடுவர் வந்தாயிற்று. ஊன்றுகோலோடு மருந்துக் கடைக்கு வருவாள், கடை என்னுடையது. கதவைப் பிடிக்கப் போனால் முறைப்பாள். கையைத் தாங்கப் போனால் ஊன்றுகோலை ஓங்குவாள். கழுத்தில் விசில் மட்டும் அப்படியே தொங்கும்.

அவளுக்கு மிச்சம் இருந்தது எங்கள் சனிக்கிழமை மேசை ஒன்றுதான். மழைக்காலத்தில் இந்த ஊரில் வேறு என்ன செய்வது? லைல் பெட்ராசினியின் வீடு மரத்தூண்கள் மேல் உயரத்தில் நிற்பது. அடியில் துணிக் கொடி, பழைய ஃப்ரிட்ஜ், நாய், நடுவில் ஒரு மேசை. சுற்றிலும் மழை கொட்டும், நாங்கள் பகடையும் காகிதமுமாக உட்கார்ந்து, கதையில் வரும் அரக்கர்களோடு சண்டை போடுவோம். ஆளுக்கொரு பாத்திரம். லைலுக்கு இரும்புக் கவசம் பூட்டிய குள்ள வீரன், பெயர் போர்டக். அவன் மனைவி நோலினுக்கு ஒரு திருடி. எனக்கு ஒரு வைத்தியப் பூசாரி. கடையிலும் மருந்து, கதையிலும் மருந்து, என் தலையெழுத்து. கதையை நடத்தி, பேயையும் பூதத்தையும் ஏவி, தீர்ப்புச் சொன்னவர் கிரேம். அவர் சுரங்க வேலைக்காக மவுண்ட் ஐசா போய்விட்டார். நடத்த ஆள் இல்லாவிட்டால் மேசையே இல்லை.

"நான் நடத்துறேன்" என்றாள் கான்னி.

லைலுக்கு மூஞ்சி கோணிக்கொண்டது. விதிப் புத்தகத்தைக் கரைத்துக் குடித்தவன் என்று அவனுக்கு நினைப்பு. "இது ஃபுட்டி இல்ல கான்னி. இங்க கணக்கு சரியா இருக்கணும். ஒரு தடவை நடத்து, பார்க்கலாம். தப்புத் தப்பா ஊதினேன்னா மேசையை மடக்கி மாட்டுக்கொட்டகையில போட்டுடுவேன்."

"யோவ், மேசை என் அம்மா கொடுத்தது" என்றாள் நோலின்.

ஆனாலும் வீடு லைலின் வீடு. அவன் முரண்டு பிடித்தால் ஆட்டம் அன்றோடு முடிந்துவிடும். கான்னிக்கும் இது தெரியும். அந்தச் சனிக்கிழமை மதியம் புதுச் சட்டை போட்டுக்கொண்டு வந்திருந்தாள், பாவம். முற்றத்தில் கணுக்கால் அளவு தண்ணீர். லைல் போட்டிருந்த பலகை மேல் ஊன்றுகோலைத் தட்டித் தட்டி, யார் கையையும் பிடிக்காமல் வந்து சேர்ந்தாள்.

கதையை நன்றாகத்தான் நடத்தினாள். வெள்ளத்தில் மூழ்கிய பழைய ஆலை, உள்ளே சுவரோடு சுவராக நகரும் ஒரு நிழல் பேய். நாங்கள் ஒருவரையொருவர் பேச விடாமல் கத்தினால் விசிலை ஊதுவாள், நாய் எழுந்து குரைக்கும், நாங்கள் அடங்குவோம். சாசேஜ் ரோல் ஆறிப்போனதுகூடத் தெரியவில்லை. அந்தப் பேய் போர்டக்கை ஏற்கெனவே இரண்டு முறை தொட்டு, அவன் உடல் வலுவை உறிஞ்சிவிட்டது. மிச்சம் நாலு. அது தீர்ந்தால் செத்தான். கிரேம் காலத்திலிருந்து லைல் வளர்த்த பிள்ளை.

பேய் மறுபடியும் கையை நீட்டியது. கான்னி இருபது முகப் பகடையை உருட்டி, பேயின் தாக்கும் திறனையும் கூட்டினாள். பதினாலு.

வாள் வீச்சாக இருந்தால் லைல் கொட்டாவி விட்டிருப்பான். எல்லோருக்கும் பொதுவான பத்தோடு கவசம், கேடயம், உடம்பின் லாவகம், காக்கும் மந்திர மோதிரம் எல்லாம் சேர்ந்து போர்டக்கின் எண் இருபத்து மூன்று; அதை எட்டினால்தான் அடி படும். ஆனால் பேய்க்கு வெட்டத் தேவையில்லை, தொட்டாலே போதும். அதற்கு வேறு எண் உண்டு. கவசத்தையும் கேடயத்தையும் அதில் கழித்துவிட வேண்டும்.

"பதினஞ்சு" என்றான் லைல், நாற்காலியில் சாய்ந்துகொண்டு. "பத்து, லாவகம் மூணு, மோதிரம் ரெண்டு. உன் பேய் பதினாலு. படல."

கான்னி விசில் ஊதினாள். "மோதிரம் எதுல இருக்கு? விரல்ல. சட்டையைத் தொட்டா ஆளைத் தொட்ட மாதிரி, மோதிரத்தைத் தொட்டாலும் ஆளைத் தொட்ட மாதிரிதான். ரெண்டைக் கழி. பதிமூணு. பட்டுடுச்சு." வலு எவ்வளவு போகும் என்று பார்க்க ஆறு முகப் பகடையைக் கையில் எடுத்துவிட்டாள்.

லைல் எழுந்த வேகத்தில் நாற்காலி பின்னால் விழுந்தது. "சொன்னேன்ல! சொன்னேன்ல! மோதிரம் கணக்குல உண்டு! ஊர்ல குழந்தைக்குக்கூடத் தெரியும்!"

"கத்தாதடா. ஊதியாச்சு."

"இது மைதானம் இல்லம்மா! இன்னிக்கோட சரி. இனிமே இங்க ஆட்டமும் கிடையாது, ஒரு மண்ணும் கிடையாது!"

கான்னி முகத்தில் ரத்தம் ஏறி இறங்குவதைப் பார்த்தேன். எனக்கு லைலை அறைய வேண்டும் போலிருந்தது. அதைவிட ஆத்திரம், அவன் சொன்னது சரி என்பதுதான்.

"அந்த மோதிரம் என்ன பண்ணும்?" என்று கேட்டாள் கான்னி. குரல் தாழ்ந்திருந்தது.

நோலின்தான் பதில் சொன்னாள். "கண்ணுக்குத் தெரியாம தள்ளி விடும். கை கிட்ட வர்றப்பவே."

"கவசம்?"

"அது தள்ளாது. கை வந்து மேல படும். உள்ள அடி இறங்காது, அவ்வளவுதான்."

கான்னி பகடையை உள்ளங்கையில் வைத்து உருட்டிக்கொண்டே இருந்தாள். "அப்போ கவசத்துல பட்டா தொட்டாச்சு. மோதிரம் தள்ளிச்சுன்னா கை வந்து சேரவே இல்ல. காத்துல போச்சு." பகடையை மேசையில் வைத்தாள். "நான் ஊதினது தப்பு. மோதிரம் உண்டு. பதினஞ்சு. படல."

சொல்லிவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள். அண்ணன் மகனுக்காக மாற்றாத தீர்ப்பு, கோப்பைக்காக மாற்றாத தீர்ப்பு. ஒரு காகிதக் குள்ளனுக்காக மாற்றிவிட்டாள்.

லைல் நாற்காலியை நிமிர்த்தி உட்கார்ந்தான். ஜெயித்தவன் சிரிக்க வேண்டுமா இல்லையா? சிரிக்கவில்லை. தன் காகிதத்தையே வெறித்துக்கொண்டிருந்தான். காதைச் சொறிந்தான். நோலின் அவனை உற்றுப் பார்த்தாள்.

"என்னய்யா?"

"இந்த மூணு."

"எந்த மூணு?"

"லாவகம். வெறும் உடம்போட நின்னா மூணு. இரும்பைப் பூட்டிக்கிட்டா ஒண்ணுக்கு மேல வராது, அவ்வளவு கனம். தொடுறப்ப கவசம் கணக்குல இல்லையேன்னு இங்க மூணுன்னே போட்டு வச்சிருக்கேன். கிரேமும் கேக்கல." மூச்சை இழுத்து விட்டான். "ஆனா அவன் அதைக் கழட்டலையே. உடம்புலதானே கிடக்கு. அதைச் சுமந்துக்கிட்டு எப்படிக் குதிப்பான்?"

யாரும் கேட்கவில்லை! வாயை மூடிக்கொண்டிருந்தால் போர்டக் தப்பித்தான். மனுஷன் தானாகவே கழுத்தை நீட்டுகிறான்.

"பத்து, ஒண்ணு, ரெண்டு" என்றான். "பதிமூணு. உன் பேய் பதினாலு. பட்டுடுச்சு, கான்னி. உருட்டு."

"டேய், நாலு வந்தா செத்துடுவான்டா."

"தெரியும். உருட்டு."

கான்னி சிலுவை போட்டுக்கொண்டாள். ஒரு பேயை ஏவிவிட்டவள் அது தோற்க வேண்டும் என்று சாமி கும்பிட்டதை வாழ்க்கையில் அன்றுதான் பார்த்தேன். பகடை மேசையில் ஓடி, சாசேஜ் ரோல் தட்டில் மோதி நின்றது. மூன்று.

நோலின் கத்திய கத்தலில் நாய் துணிக் கொடிக்குள் சிக்கிக்கொண்டது. போர்டக்குக்கு ஒரே ஒரு புள்ளி வலு மிச்சம். தன் கேடயத்தைத் தூக்கக்கூடத் தெம்பில்லாமல் தண்ணீருக்குள் குப்புற விழுந்தான். நோலினின் திருடி தீப்பந்தத்தை வீசிப் பேயை விரட்டினாள். நான் என் பூசாரியை அவனிடம் ஓட வைத்தேன். வைத்தியம் செய்ய அவனைத் தொட வேண்டும். பழக்க தோஷத்தில் பகடையை எடுத்தேன்.

"எதுக்கு?" என்றாள் கான்னி.

"தொடணுமே."

"நம்ம ஆளு கைக்கு உருட்டத் தேவையில்ல. அது தானா போய்ச் சேரும்." விதிப் புத்தகத்திலும் அப்படித்தான் இருந்தது. லைலே தலையாட்டினான்.

சாயங்காலம் மழை கொஞ்சம் விட்டது. கான்னி ஊன்றுகோலை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். பலகை நனைந்து வழுக்கியது. இரண்டடி வைத்தவள் நின்றுவிட்டாள். நான் ஓடவில்லை, ஊன்றுகோல் அடி எனக்குப் பழக்கம். லைல் மட்டும் தண்ணீருக்குள் இறங்கி, செருப்பு நனைய, பலகை ஓரமாகப் போய் நின்றான். கையை நீட்டவில்லை. வானத்தைப் பார்த்துக்கொண்டு சும்மா நின்றான்.

கான்னி அவனைப் பார்த்தாள், பலகையைப் பார்த்தாள். பிறகு அவளாகவே கையை நீட்டினாள்.

"உருட்டணுமா?" என்றான் லைல்.

"வாயை மூடிட்டுப் பிடிடா."

பிடித்துக்கொண்டு வண்டி வரைக்கும் கூட்டிப் போனான். நான் மேசையை மடக்கலாமா என்று நோலினிடம் கேட்டேன். அது கிடக்கட்டும், அப்படியே விடு என்றாள்.